ஒரு குரல், ஓர் ஆள்

செண்பகவல்லிக்கு இரண்டு கண்ணும் தெரியாது, காது கேட்காது, வாய் பேச வராது, வலது கால் முழங்காலுக்குக் கீழே கிடையாது என்று அரசாங்கம் அறிவித்தபோது, அவள் கோவில்பட்டி பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால் இருந்த தன் ஜெராக்ஸ் கடையில் இரண்டு காலையும் ஊன்றி நின்றுகொண்டு யாருடைய சாதிச் சான்றிதழையோ நகல் எடுத்துக்கொண்டிருந்தாள். அறிவித்தது மனுஷர் அல்ல, தோழி. உதவித்தொகை இலாகாவில் போன் பேசுவதற்கென்று வைத்திருந்த இயந்திரத்துக்கு அப்படிப் பெயர். பெயர் வைப்பதில் மட்டும் அரசாங்கத்தை அடித்துக்கொள்ள ஆள் கிடையாது.

"வணக்கம், செண்பகவல்லி அம்மா. உங்களுக்குக் காது கேட்காது என்று பதிவில் இருப்பதால் கொஞ்சம் சத்தமாகப் பேசுகிறேன்" என்றது தோழி. நிஜமாகவே சத்தமாகத்தான் பேசியது. சான்றிதழுக்காக நின்றுகொண்டிருந்த ஆள் திரும்பிப் பார்த்தார்.

"யாருக்கு? எனக்கா? ஏட்டி, காது கேக்காதவளுக்கு எதுக்குப் போன் போடுத?"

தோழி அவள் பேச்சுக்காகக் கொஞ்சமும் நிற்கவில்லை. "உங்களுக்கு வாய் பேச வராது என்பதால் நீங்கள் பதில் எதுவும் சொல்ல வேண்டியதில்லை. நிதானமாகக் கேட்டுக்கொள்ளுங்கள். உங்கள் குறைபாடுகள் அனைத்தும் ஒன்றாகச் சேர்க்கப்பட்டு நீங்கள் எல்லாவற்றுக்கும் பிறரையே சார்ந்திருக்கும் முழுச் சார்பாளர் என்று முடிவாகியிருக்கிறது. இன்றிலிருந்து உச்சபட்ச உதவி உங்களுக்கு உண்டு. வாழ்த்துகள்."

பிறகு, வாழ்த்தின் விளக்கம் வந்தது. முழுச் சார்பாளர் வண்டி ஓட்டக் கூடாது. ஆகவே அவளுடைய ஸ்கூட்டி உரிமம் ரத்து. முழுச் சார்பாளர் வியாபாரம் செய்ய முடியாது; ஆகவே கடை உரிமமும் ரத்து. வங்கிக் கணக்கு, ஒரு காப்பாளரை நியமிக்கும்வரை நிறுத்திவைக்கப்படும். எல்லாவற்றுக்கும் கடைசியாகத் தோழி குரலைத் தணித்து, இழவு வீட்டில் பேசுகிற பக்குவத்தோடு சொன்னது: "உங்கள் மகள் மதுநிலா மைனர். முழுச் சார்பாளரின் பொறுப்பில் மைனர் பிள்ளை இருக்கக் கூடாது. திங்கட்கிழமை காப்பகத்திலிருந்து வண்டி வரும். துணிமணி எடுத்துவைத்தால் போதும்."

போன் நின்றது. புருஷன் லாரி ஓட்டப் போய் ஆந்திராவில் எங்கோ செத்து, பெட்டியில் வந்து இறங்கியபோதுகூட செண்பகவல்லிக்கு இப்படி உடம்பு சில்லிட்டதில்லை. அது சாவு, ஊருக்கெல்லாம் வருவது. பிள்ளையைப் பெற்றவள் உயிரோடு, கல்லு மாதிரி நிற்கும்போது பிள்ளையைக் கொண்டுபோவதற்கு என்ன பெயர் வைப்பது?

இந்த இடத்தில் கொஞ்சம் பின்னால் போக வேண்டும். அரசாங்கம் கெட்ட எண்ணத்தில் எதையும் செய்யவில்லை. அதுதான் இந்தக் கதையில் பெரிய கொடுமை.

அந்தப் பக்கத்து ஜனங்களில் பாதிப் பேர் தீப்பெட்டி ஆபீஸிலும் பட்டாசு ஆலையிலும் வேலை பார்த்தவர்கள். மருந்தில் கை வைத்து வைத்து விரல் ரேகை தேய்ந்துபோயிருக்கும். ரேகை விழவில்லை என்று ரேஷன் கிடையாது, பென்ஷன் கிடையாது என்று விரட்டப்பட்டவர்கள் எத்தனையோ பேர். கையே இல்லாதவர்களின் பாடு இன்னும் மோசம். பத்திரிகைகள் எழுதின, கோர்ட்டு கண்டித்தது. கடைசியில் அரசாங்கம், ரேகை வேண்டாம், குரல் போதும் என்று இறங்கி வந்தது. போன் போட்டால் தோழி பேசும். ஆள் பேசுகிற குரலை வைத்தே இன்னார் என்று பதிவு செய்துகொள்ளும். வருஷத்துக்கு ஒரு தடவை அதுவே கூப்பிட்டு விசாரித்து உதவித்தொகையைப் புதுப்பித்துவிடும். அலைச்சல் கிடையாது, லஞ்சம் கிடையாது. ஊரே கையெடுத்துக் கும்பிட்டது.

குரல் இல்லாதவர்கள் என்று ஒரு சாதி இருப்பது மட்டும் யாருக்கும் ஞாபகம் வரவில்லை. வாய் பேசாதவர்களுக்குத் தனி வழி உண்டு என்றார்கள். அது என்ன வழி என்று கேட்பதற்கும் தோழிக்குத்தான் போன் போட வேண்டியிருந்தது.

செண்பகவல்லியின் கடைக்கு அடுத்த கடை கோமதிநாயகத்தின் தையல் கடை. பிறவியிலேயே காது கேட்காது, பேச்சும் இல்லை. அவர் மனைவி ராஜபுஷ்பத்துக்கும் அப்படியே. ஜாக்கெட் அளவு தப்பாமல் தைப்பதில் அந்த வட்டாரத்தில் அவரை மிஞ்ச ஆளில்லை என்றாலும், வருமானம் தீபாவளிக்கும் கல்யாண மாசத்துக்கும்தான். முதல் தடவை தோழி கூப்பிட்டபோது போன் அதிர்ந்து விளக்கு மின்னியது. அவர் அதை எடுத்துக்கொண்டு வந்து செண்பகவல்லியிடம் நீட்டினார்.

"கோமதிநாயகத்துக்குப் பேச வராதும்மா. நான் பக்கத்துக் கடைக்காரி. என்னன்னு சொல்லுங்க, நான் சொல்லிக்கிடுதேன்" என்றாள் அவள்.

"மன்னிக்கவும். பயனாளியே பேச வேண்டும்."

"அவருக்குப் பேச வராதுன்னுதானே இந்தப் பணத்தையே குடுக்கீக!"

"பயனாளியே பேச வேண்டும்."

மூன்று தடவை போட்டுப் பார்த்தாள். மூன்று தடவையும் அதே பல்லவி. நான்காம் தடவை அவளுக்குக் கோபம் வந்துவிட்டது. "நான்தான் கோமதிநாயகம் பேசுதேன். இப்போ என்னங்க?" என்றாள். "வணக்கம், கோமதிநாயகம் ஐயா" என்றது தோழி. ஆண் குரலா பெண் குரலா என்று தோழி பார்க்கக் கூடாது. திருநங்கைகளையும் திருநம்பிகளையும் குரலை வைத்து அவமானப்படுத்தக் கூடாது என்று, அதுவும் நல்ல எண்ணத்தில் போட்ட சட்டம்.

"இந்த ஆண்டும் உங்களுக்குக் காது கேட்கவில்லையா?"

"சுத்தமாக் கேக்கல தாயி."

"பதிவு செய்துகொண்டேன். நன்றி."

இது பெரிய அதிசயமாக அந்தத் தெருவில் யாருக்கும் படவில்லை. சம்பந்தம் பேசவும், வீட்டுக்காரனிடம் வாடகைக்குத் தவணை கேட்கவும், போலீஸ் ஸ்டேஷனில் பையனை விடச்சொல்லிக் கெஞ்சவும் பேசத் தெரிந்த ஒரு ஆளை முன்னால் விட்டு மற்றவர்கள் பின்னால் நிற்பது அங்கே காலம்காலமாக நடப்பதுதான். கேஸ் கம்பெனிக்குப் போன் போட்டு அண்ணன் பெயரைச் சொல்லித் தங்கை பேசுவதையும், புருஷன் பெயரில் பெண்டாட்டி பேசுவதையும் யாரும் பொய்யில் சேர்ப்பதில்லை. சம்பந்தப்பட்டவர்தான் பேச வேண்டும் என்று ஒருவன் அடம்பிடித்தால், சம்பந்தப்பட்டவராகவே பேசிவிட்டுப் போவதுதானே?

கோமதிநாயகத்துக்குப் பணம் வந்த செய்தி பரவியது. மூக்கையா வந்தான். லாரி ஏறி வலது கால் போனவன். தெருவில் வாய் ஓயாமல் பேசுவான், தோழியிடம் மட்டும் நாக்கு மேலண்ணத்தில் ஒட்டிக்கொள்ளும். பட்டாசு ஆலை வெடித்ததில் கண்ணிழந்த வேலம்மாள் வந்தாள். கேள்விக்குப் பதில் யோசிப்பதற்குள் அழைப்பு அறுந்துவிடுகிறது என்று அழுதாள். அப்புறம் இன்னும் சிலர். வாயுள்ள பிள்ளை பிழைக்கும் என்பார்கள். செண்பகவல்லியின் வாய் தெருவையே பிழைக்கவைத்தது. யாரிடமும் அவள் ஒரு டீக்குக்கூடக் கை நீட்டியதில்லை. கொஞ்சம் பெருமை இருந்தது, அதை மறைத்துச் சொல்வானேன்.

அன்றைக்கு மத்தியானம் அந்தப் பெருமையெல்லாம் இருந்த இடம் தெரியவில்லை. அவளே தோழிக்குப் போன் போட்டாள்.

"இது செண்பகவல்லி அம்மாவின் குரல்" என்றது தோழி. "ஆனால் செண்பகவல்லி அம்மாவுக்கு வாய் பேச வராது. எனவே இப்போது பேசுவது பதிவு செய்த குரல். பதிவு செய்த குரலை ஓட்டிக் காட்டுவது தண்டனைக்குரிய குற்றம். பயனாளியே பேச வேண்டும்."

"பயனாளியேதான்ட்டி பேசுதேன், பாவி!"

அழைப்பு அறுந்தது. அந்த நேரத்தில் மூக்கையா கட்டைக் காலை இழுத்துக்கொண்டு கடைக்குள் வந்தான். வேர்த்து ஊற்றியது. பஸ்ஸில் அவனுடைய இலவசப் பாஸ் எடுக்கவில்லையாம். கண்டக்டர் வழியில் இறக்கிவிட்டிருந்தார்.

"யக்கா, நான் இல்லையாம்க்கா" என்றான்.

"என்னடா உளறுத?"

"மிஷின் சொல்லுதுக்கா. மூக்கையான்னு தனியா ஆளு கெடையாதாம். அது செண்பகவல்லிங்கிறவுகளுக்கு இன்னொரு பேராம்." அவன் சிரிக்கப் பார்த்தான்; முடியவில்லை. "நான் இங்கதான நிக்கேன், யக்கா?"

பொழுது சாய்வதற்குள் வேலம்மாளைக் கையைப் பிடித்துக் கூட்டிக்கொண்டு அவள் தங்கச்சி வந்தாள். அதே சேதி. கோமதிநாயகம் மட்டும் ஒன்றும் தெரியாமல், கழுத்தில் அளவு டேப்பைப் போட்டுக்கொண்டு, பணம் ஏன் வரவில்லை என்று ஜாடையில் கேட்டார். நீங்கள் என்று தனி ஆள் இல்லை, நான்தான் நீங்கள் என்பதை ஜாடையில் எப்படிச் சொல்வது? நாளைக்குப் பார்க்கலாம் என்று கையைக் காட்டினாள்.

மறுநாள் காலையில் முதல் பஸ்ஸைப் பிடித்துத் தூத்துக்குடிக்குப் போனாள். குரல் பதிவு மையம் என்று அங்கே ஒரு பழைய கட்டடம் இருந்தது. தோழிக்குப் பின்னால் மனுஷன் என்று யாராவது உண்டா என்று விசாரித்து விசாரித்து, கடைசியில் இஸ்ரவேல் என்பவரிடம் போய் நின்றாள். ரிட்டயர் ஆகப்போகிற வயது. மேஜையில் ஒரு காகிதம் கிடையாது. ஒரு திரையும் ஒரு சாப்பாட்டுத் தூக்கும் மட்டும்தான். அவர் அவளை ஏற இறங்கப் பார்த்தார், திரையைப் பார்த்தார், மறுபடி அவளைப் பார்த்தார்.

"கண்ணு தெரியுமாம்மா உங்களுக்கு?"

"உங்க சட்டையில மூணாவது பித்தான் இல்ல சார்."

அவர் குனிந்து பார்த்துக்கொண்டு பெருமூச்சு விட்டார். "உக்காருங்க. எத்தன பேருக்குப் பேசுனீங்க?"

அவள் அறையைச் சுற்றிப் பார்த்தாள்.

"பயப்படாதீங்க, இந்த அறையில தோழி கிடையாது. ஒரு குரல், ஓர் ஆள்னு டிவியில விளம்பரம் போடுறாங்களே, பாத்தீங்களா? ஒரே ஆளு பத்துப் பேருல பணம் வாங்குறத ஒழிக்கப் போன மாசம் சல்லடை போட்டுச் சலிச்சாங்க. எங்கெல்லாம் ஒரே குரல் இருக்கோ அத்தனை கோப்பையும் ஒண்ணாச் சேத்துட்டாங்க. ரேஷனுக்கு உங்க பேருல பதிஞ்ச குரலும் அதேங்கிறதால, அந்த அத்தனை பேரும் இப்போ நீங்கதான். அவங்க குறையெல்லாம் உங்க குறை."

"அப்போ திருடின்னு என்னயப் பிடிச்சு உள்ள போட்டிருக்கலாமே சார்? எதுக்கு உச்சபட்ச உதவி?"

"கை நீட்டிப் பணம் வாங்குனாத்தான் திருட்டுன்னு மிஷின் எடுத்துக்கிடும். உங்க கணக்குல ஒரு ரூபா ஏறல. ஆகவே நீங்க ஏமாத்தல, பாவம், பல பேருல கஷ்டப்படுற ஒரே ஆளுன்னு முடிவு பண்ணிருச்சு. இரக்கப்பட்டிருக்கும்மா அது."

"உண்மையச் சொல்லிருதேன் சார். அத்தன பேருக்கும் நான்தான் பேசுனேன்னு எழுதித் தாரேன்."

"தந்தா அத்தனையும் ஆள்மாறாட்டம். அவங்க எல்லாரும் கேசுல சேருவாங்க, நீங்களும் சேருவீங்க. பிள்ள காப்பகத்துக்குத்தான் போகும்." இஸ்ரவேல் நாற்காலியை முன்னால் இழுத்துப் போட்டார். "நான் ஒண்ணு சொல்றேன், கேளுங்க. வெள்ளிக்கிழமை டாக்டர் போர்டு உக்காருது. மூணு டாக்டர், மூணும் மனுஷங்க. கண்ணால பாப்பாங்க. நடங்கன்னா நடங்க, படிங்கன்னா படிங்க. கண்ணு, காது, வாய், காலு எல்லாம் சரியா இருக்குன்னு கையெழுத்துப் போட்டாங்கன்னா மிஷின் வாயைத் திறக்க முடியாது. மனுஷன் கையெழுத்துக்குத்தான் அது அடங்கும்."

"மத்தவுக?"

"முதல்ல நீங்க ஆளா நில்லுங்கம்மா. நீங்க நின்னாத்தானே அவங்களைப் பிரிக்கச் சொல்லி மனு போட முடியும்? முங்கிக்கிட்டிருக்கவ இன்னொருத்தரக் கரையேத்த முடியுமா?"

நியாயமாகத்தான் இருந்தது. அவரும் நல்ல எண்ணத்தில்தான் சொன்னார்.

வீட்டுக்கு வந்தால் மதுநிலா சமைக்காமல், விளக்குப் போடாமல் உட்கார்ந்திருந்தாள். ஒன்பதாம் வகுப்புப் படிக்கிற பிள்ளை. பள்ளிக்கூடத்துக்கே செய்தி போய்விட்டது. டீச்சர் அவளைத் தனியாகக் கூப்பிட்டு, "உங்கம்மாவுக்கு இவ்வளவு கஷ்டம் இருக்கிறத ஏன் சொல்லல?" என்று கண் கலங்கினாராம்.

"நீ ஏம்மா எல்லாருக்கும் பேசுன?" என்று கேட்டாள் பிள்ளை. "யாராச்சும் உனக்காக வந்து பேசுதாகளா இப்போ?"

"அவுகளுக்குப் பேச முடியாது, அதான பேசுனேன்."

"அப்போ நான் போகட்டுமா காப்பகத்துக்கு? அவுகளப் பெத்தியா, என்னயப் பெத்தியா?"

அடித்திருந்தால்கூட அவ்வளவு வலித்திருக்காது. பிள்ளையை இழுத்து மடியில் போட்டுக்கொண்டாள். மதுநிலா திமிறினாள், பிறகு திமிறவில்லை.

வெள்ளிக்கிழமை காலையில் தூத்துக்குடிக்குப் பஸ் ஏறும்போது வேலம்மாள் தங்கச்சியோடு வந்து நின்றாள். முகத்தைச் சத்தம் வந்த பக்கம் திருப்பிக்கொண்டு, "மதினி, டாக்டர்மாருகிட்ட எங்களப் பத்தியும் ஒரு வார்த்த சொல்லிருங்க. நீங்க சொன்னா எடுபடும்" என்றாள். மூக்கையா டிக்கெட் எடுக்கக் காசில்லாமல் பஸ்ஸுக்கு வெளியிலிருந்தே கும்பிட்டான். சொல்கிறேன் என்று செண்பகவல்லி இருவருக்கும் வாக்குக் கொடுத்தாள். சொல்ல வேண்டும் என்றுதான் நினைத்தாள். வழி நெடுக எப்படிச் சொல்வதென்று ஒத்திகை பார்த்தாள்.

டாக்டர் போர்டு கேலிக்கூத்தாக இருந்தது. வந்த மூன்று பேரில் மூத்தவர் அவளைச் சுவரில் மாட்டியிருந்த அட்டையின் எழுத்துகளைப் படிக்கச் சொன்னார். கடைசி வரியைத் தாண்டி, அச்சகத்தின் பெயரையும் சேர்த்துப் படித்தாள். இரண்டாமவர் காதருகே இரும்புக் கவையைத் தட்டிச் சத்தம் கேட்கிறதா என்று பார்த்தார். மூன்றாவது டாக்டர் இளவயதுப் பெண். வலது காலைத் தட்டிப் பார்த்துவிட்டுச் சிரிப்பை அடக்க முடியாமல், "நல்லா வளந்திருக்கும்மா கால்" என்றாள். மூத்தவர் தலையில் அடித்துக்கொண்டார். "யாரும்மா உங்களக் குருடி, செவிடின்னு எழுதினது? எல்லாமே பூரணமா இருக்கே!"

மேஜை ஓரத்தில் கருப்பாக ஒரு சின்னப் பெட்டி இருந்தது. அதில் பச்சை விளக்கு எரிந்தது. தோழி கேட்டுக்கொண்டிருந்தது.

கையெழுத்துப் போடும் முன் அந்தப் பெண் டாக்டர் நிமிர்ந்து பார்த்தாள். "வேற எதுவும் சொல்லணுமாம்மா?"

செண்பகவல்லி வாயைத் திறந்தாள். வேலம்மாள், மூக்கையா, கோமதிநாயகம் எல்லாரும் நாக்கு நுனியில் நின்றார்கள். பச்சை விளக்கு எரிந்துகொண்டே இருந்தது. ஒரு வார்த்தை பிசகினால் அது ஒப்புதல் வாக்குமூலம்; கையெழுத்து விழாது; திங்கட்கிழமை வண்டி வரும். நம் காரியம் முதலில் முடியட்டும், அடுத்தது அவர்கள் காரியம்தானே என்று மனசுக்குச் சமாதானம் சொல்லிக்கொண்டாள்.

"ஒண்ணுமில்ல டாக்டர்."

மூன்று பேரும் வரிசையாகக் கையெழுத்துப் போட்டார்கள்.

வெளியே வந்தபோது தலைக்கு வந்தது தலைப்பாகையோடு போயிற்று என்றிருந்தது. மகளுக்கு ஒரு பெட்டி மக்ரூன் வாங்கினாள். பஸ் கோவில்பட்டிக்கு வந்து சேர்வதற்குள் வங்கிக் கணக்கு திறந்துகொண்டது, ஸ்கூட்டி உரிமம் உயிர்த்துவிட்டது, கடைக்கும் அனுமதி வந்துவிட்டது. காப்பக வண்டி வராது என்று போனில் எழுத்தில் செய்தி வந்தபோது மதுநிலா அதை நாலு தடவை வாய்விட்டுப் படித்தாள். அன்றைக்குத் தாயும் மகளும் ஒரே தட்டில் சாப்பிட்டார்கள்.

மறுநாள் கடையைத் திறந்து சாம்பிராணி போட்டாள். மனு எழுத வேண்டும். மூக்கையாவையும் வேலம்மாளையும் பத்து மணிக்கு வரச் சொல்லியிருந்தாள். பக்கத்தில் கோமதிநாயகத்தின் தையல் மிஷின் கடகடவென்று ஓடிக்கொண்டிருந்தது. அப்போது போன் வந்தது.

"வணக்கம், செண்பகவல்லி அம்மா" என்றது தோழி. இந்தத் தடவை சத்தம் போடவில்லை. "உங்களுக்கு இப்போது காது கேட்கும் என்பதால் மெதுவாகப் பேசுகிறேன். நீங்கள் பூரண குணமடைந்ததற்கு வாழ்த்துகள்."

செண்பகவல்லிக்குச் சிரிப்பு வந்தது. "சந்தோசம் தாயி. உன் வாய்க்குச் சர்க்கரதான் போடணும்."

"நன்றி அம்மா. உங்கள் மறுபெயர்களில் இருக்கும் கோப்புகளிலும் குணம் பதிவாகிவிட்டது. வேலம்மாள், இரு கண் பார்வை: பூரண குணம். மூக்கையா, வலது கால்: பூரண குணம். கோமதிநாயகம், செவியும் பேச்சும்: பூரண குணம்." தோழி ஒவ்வொரு பெயராகச் சொல்லிக்கொண்டே போனது. ஒவ்வொன்றுக்கும் பின்னால் அதே இரண்டு சொற்கள். "மூன்று மருத்துவர்கள் சான்றளித்திருப்பதால் இந்தக் குறைபாடுகளுக்காக இனி எப்போதும் விண்ணப்பிக்க வேண்டிய அவசியம் உங்களுக்கு ஏற்படாது."

செண்பகவல்லியின் கையிலிருந்த சாம்பிராணிக் கரண்டி கீழே விழுந்து கங்கு சிதறியது. அவள் அதை மிதித்தாளா இல்லையா என்பதுகூட அவளுக்குத் தெரியவில்லை.

"ஏட்டி, நில்லு. பாத்தது என்னய. நடந்தது நான். படிச்சது நான். அவுக வேற, நான் வேற."

"ஒரு குரல், ஓர் ஆள் அம்மா."

"அந்த மனுசனுக்குப் பொறந்ததுலருந்து காது கேக்காதுட்டி! இந்தா, பக்கத்துலதான் இருக்காரு!"

"மகிழ்ச்சி அம்மா. இப்போது கேட்கும்" என்றது தோழி. "ஒவ்வொரு பெயருக்கும் தனித்தனியாக வாழ்த்து அழைப்பு போகிறது. அந்தந்த எண்ணில் குணத்தை உறுதி செய்தால் கோப்பு முடிந்துவிடும். நல்ல நாளாக அமையட்டும்."

இஸ்ரவேலுக்குப் போன் போட்டாள். நடந்ததைச் சொன்னாள்.

"இப்படி ஆகும்னு உங்களுக்குத் தெரியாதா சார்?"

"எனக்குத் தோணலம்மா" என்றார். குரல் கம்மியிருந்தது. "ஆண்டவர் சாட்சியா எனக்கு இது தோணல. நான் உங்களத் தனியா வெளிய எடுத்துரலாம்னு நெனச்சேன். எல்லாரும் ஒண்ணாச் சேர்ந்து கிடக்கும்போது உங்களப் பாத்துட்டுச் சரியா இருக்குன்னு எழுதினா, எல்லாரையும் பாத்துட்டு எழுதின மாதிரிதானே ஆகும்? அது ஏன் நம்ம ரெண்டு பேருக்கும் புரியாமப் போச்சு?"

"அந்த டாக்டர்மாருகிட்டத் திருப்பிச் சொன்னா?"

"அவங்க பொய்யா எழுதினாங்க? உங்க கண்ணு நல்ல கண்ணுதானே? மிஷின் போட்ட முடிவுன்னா மேல எழுதிப் பாக்கலாம். இது மூணு மனுஷன் கண்ணால பாத்துப் போட்ட கையெழுத்து. இத யாராலயும் அசைக்க முடியாது தாயி." பிறகு கேட்டார்: "போர்டுல அவங்களப் பத்தி ஒரு வார்த்தை சொல்லலியா நீங்க? சொல்லியிருந்தா, டாக்டர் நிறுத்திக் கேட்டிருப்பாங்களே."

அவள் போனைக் கீழே வைத்தாள். ஐயோ என்று அடிவயிற்றிலிருந்து எழுந்தது வாய்வரை வந்து நின்றுவிட்டது. தெருவுக்கெல்லாம் பேசிய வாய். பேச வேண்டிய ஒரே ஒரு இடத்தில் மூடிக்கொண்டது. மகளுக்காகத்தான். மகள் வீட்டில் இருக்கிறாள், அது போதாதா என்று கேட்டுப் பார்த்தாள். தெரு முனையில் மூக்கையா கட்டைக் காலை இழுத்து இழுத்து வந்துகொண்டிருந்தான். அவன் தோளைப் பிடித்துக்கொண்டு பின்னால் வேலம்மாள். எழுதப்போகிற மனுவுக்காக அவள் நல்ல சேலை கட்டியிருந்தாள்.

பக்கத்துக் கடையில் தையல் மிஷின் நின்றது.

கோமதிநாயகம் போனைக் கையில் பிடித்துக்கொண்டு படியேறி வந்தார். விளக்கு மின்னிக்கொண்டிருந்தது, திரையில் அரசாங்க முத்திரை. நின்றுபோன பணம் வந்துவிட்டது என்று நினைத்துக்கொண்டார் போலிருக்கிறது, முகமெல்லாம் சிரிப்பு. உன்னால்தான் என்பது போல அவளைப் பார்த்து இரண்டு கையையும் கூப்பினார். பச்சைப் பொத்தானை அழுத்திப் போனை அவளிடம் நீட்டினார்.

"வணக்கம், கோமதிநாயகம் ஐயா" என்றது தோழி. "நான் பேசுவது உங்களுக்குக் கேட்கிறதா?"

அவர் செண்பகவல்லியின் வாயையே பார்த்துக்கொண்டு நின்றார்.